பழந்தமிழ்ச் செய்யுளிற் குயவன்

திகிரியின் முன் தனித்திருந்து, பேச்சின்றி, மண்ணோடு வாழ்பவன் குயவன் என்றொரு படிமம் நம் எழுத்திலே நெடுங்காலமாக நிலவுகின்றது. அம்மௌனம் அவனது இயல்பா, அன்றி அவனைப் பாடியோர் அவன்மீது ஏற்றியதா என்பது ஆராயற்பாலது.

புறநானூற்றின் 228ஆம், 256ஆம் பாடல்கள் குயவனையே விளித்துப் பேசுவன. முன்னதில் ஐயூர் முடவனார், இறந்துபட்ட சோழன் கிள்ளிவளவனைக் கவிக்கத்தக்க தாழிக்கு நிலவுலகே திகிரியாகவும் பெருமலையே மண்ணாகவும் வேண்டுமே, உன்னால் இயலுமோ என இரங்கி வினவுகின்றார். பின்னதில், துணைவனை இழந்த பெண்ணொருத்தி தானும் உடன் அடங்குமாறு தாழியை அகலமாக வனையும்படி இரக்கின்றாள். ஆதிச்சநல்லூரிலும் நம் நாட்டிற் பொம்பரிப்பிலும் வெளிப்பட்ட ஈமத்தாழிகளை அறிந்தோர் இவற்றை வெறுங் கற்பனையெனத் தள்ளார். இழவின் துயரம் முழுவதும் சூளையடியில் வந்து இறங்குகின்றது. குயவனோ மறுமொழி கூறுவதில்லை. இது கையறுநிலையின் மரபு என்பர். மரபுதான்; ஆயின் அம்மரபில் அவன் துயரைக் கேட்பவனாக மட்டுமே நிற்கின்றான்.

32ஆம் பாடலிற் கோவூர்கிழார், நலங்கிள்ளி எண்ணியவாறெல்லாம் அமையும் நாட்டைத் திகிரியிலிட்ட பச்சைமண்ணுக்கு உவமிக்கின்றார். வனையுந் திறன் அரசனுக்கு உரியதாகிவிடுகின்றது. ஆனால் அவ்வுவமையிலே மண்ணை வைப்போர் குயச்சிறார் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. மட்கலத் தொழில் தனியொருவனது தவமன்று, குடும்பத்தின் உழைப்பு என்பதற்கு அச்சிறாரே சான்று. நற்றிணை 200இல் குயவன் தெருவழியே விழாவறைகின்றான். அங்கும் அவன் ஊரின் வாயேயன்றித் தன் வாயல்லன்.

பெரியபுராணத்துத் திருநீலகண்டரிடம் நிலைமை சற்று வேறுபடுகின்றது. மனைவியைத் தீண்டாது ஒரே மனையில் முதுமைவரை வாழ்ந்த அவரது வாழ்விற் சேக்கிழார் உண்மையான தனிமையைக் காண்கின்றார். அதற்குக் காரணம் தொழிலன்று, ஆணை. சிவயோகியார் வைத்துச் சென்ற ஓடு மறைந்தபோது, வேறு நல்ல ஓடு தருவதாக அவர் கூறுகின்றார். இங்கு எடுத்துக்கொண்ட செய்யுட்களுள் குயவரொருவர் கலத்தின் தரம்பற்றித் தாமே பேசுமிடம் இதுவொன்றே. அதனையும் யோகியார் ஏற்கவில்லை.

வெண்ணிக் குயத்தியார் என்னும் பெயர் குயவர் குடியைச் சுட்டுமாயின், அக்குடியின் குரல் புறம் 66இல் ஒலிக்கின்றதெனலாம். பானையையோ சூளையையோ அவர் பாடவில்லை. வெற்றிபெற்ற கரிகாலனை நோக்கி, புறப்புண் நாணி வடக்கிருந்தவன் உன்னினும் நல்லவன் அல்லனோ என்று கேட்கின்றார்.