மண்ணெண்ணெயும் மானியமும்

தொலைக்காட்சியில் அரசாங்கத்தின் வரவு செலவை ஆராயும் விமர்சகர்கள் வீண்செலவைச் சாடுகையில் நாமும் உடன்படுகிறோம். ஆயினும் அவர்தம் பட்டியலில் முதற்கண் வெட்டுண்பது ஏழையின் மானியமே. 2022 ஓகஸ்டில் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ரூபாவாயிற்று. கல்லடிக் கடலில் இயந்திரப் படகு இறக்கும் தொழிலாளிக்கு அது வயிற்றில் விழுந்த அடி. 2019 டிசெம்பரில் வருமான வரியைக் குறைத்து, பெறுமதி சேர் வரியையும் 15 வீதத்திலிருந்து 8 வீதமாக்கித் திறைசேரியை வறிதாக்கிய சலுகைக்கு மட்டும் ‘மானியம்’ என்ற பெயரை இவர்கள் சூட்டுவதில்லை! அவ்வரி 2024 ஜனவரியில் 18 வீதமாயிற்று. வாவிக்கரைக் கடையில் சவர்க்காரம் வாங்கும் மீனவப் பெண்ணும் கொழும்புச் செல்வரும் ஒரே வீதத்தில் அதனைச் செலுத்துகின்றனர். ‘வரி கட்டாத மக்கள்’ என்ற பழியோ முன்னவளுக்கே. 1953இல் அரிசி மானியத்தை வெட்டியபோதும் சிக்கனமே பேசப்பட்டது. ஓகஸ்ட் 12இல் ஹர்த்தால் மூண்டது. ஒக்டோபரில் பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி துறந்தார்.