திமிரும் சிரிப்பும்

எங்கள் கம்பம் பள்ளத்தாக்கிலே ஒரு பெண்ணைப் பற்றி, "அவளுக்குத் திமிர் ஜாஸ்தி" என்று சொல்லிவிட்டால் போதும். அதற்குமேல் விசாரணை கிடையாது. உத்தமபாளையத்தில் என் பெரியம்மா, பானுமதியைத் திரையில் காணும்போதெல்லாம் அந்தத் தீர்ப்பைத்தான் வழங்குவாள். வழங்கிவிட்டு, படம் முடியும்வரை கண்ணை எடுக்கமாட்டாள்.

1939-இல் 'வரவிக்ரயம்' என்ற தெலுங்குப் படத்தில் சிறு பெண்ணாக வந்தவர் பானுமதி. தம் பாட்டைத் தாமே பாடினார். கணவர் ராமகிருஷ்ணாவுடன் பரணி ஸ்டூடியோவை நடத்தினார். 1953-இல் 'சண்டிராணி'யைத் தமிழ், தெலுங்கு, ஹிந்தி மூன்றிலும் தாமே டைரக்ட் செய்து, இரட்டை வேஷமும் போட்டார். இத்தனையும் செய்தவரிடம் அடக்கத்தை எதிர்பார்ப்பது நம்முடைய தவறு.

அந்தத் தலைநிமிர்வு சில இடங்களில் இடைஞ்சலாக இருந்ததையும் சொல்லத்தான் வேண்டும். 'மலைக்கள்ளன்' போன்ற படங்களின் காதல் காட்சிகளில் அவர் காதலனிடம் மயங்குவதில்லை. அவனுடைய தகுதியை எடைபோடுகிறார். ஆனால் 'ரங்கோன் ராதா'வில் (1956) அதே குணம் எப்படிக் கைகொடுக்கிறது, பாருங்கள்! சொத்துக்காகக் கொழுந்தியாளை மணக்க நினைக்கும் கணவன், மனைவிக்குப் பேய் பிடித்திருப்பதாக ஊரை நம்பவைக்கிறான். எப்போதும் அழுகிற நடிகை ஒருத்தி அந்த வேஷத்தைப் போட்டிருந்தால், பரிதாபப்பட்டுவிட்டு மறந்திருப்போம். பானுமதி ஒடுங்கும்போது நமக்குப் பயமாக இருக்கிறது. இவளையே ஒடுக்க முடியுமென்றால், நம் வீட்டுப் பெண்களின் கதி என்ன?

எழுத்தாளர் பானுமதி இன்னொரு விதம். தெலுங்கில் அவர் எழுதிய 'அத்தகாரி கதலு' என்ற மாமியார் கதைகளை, கதைகள் என்பதைவிட வேடிக்கைச் சித்திரங்கள் என்றே சொல்லலாம். ஆழம் தேடுகிறவர்களுக்கு ஏமாற்றந்தான். ஆசாரமும் பிடிவாதமும் வெகுளித்தனமும் கலந்த ஒரு மாமியார். ஆவக்காய் ஊறுகாய் போடுவதுகூட அவளுக்கு ஒரு யுத்தம். கதை சொல்கிறவள் மருமகள். மாமியார் என்றாலே கொடுமைக்காரி என்று சினிமா கற்பித்துக்கொண்டிருந்த காலத்தில், இந்த மருமகள் பழிவாங்கவில்லை, சிரிக்கிறாள். அந்தச் சிரிப்பில் பரிவு இருக்கிறது. திமிர் பிடித்தவள் என்று பெயர் வாங்கிய ஒருத்தியால்தான், இன்னொரு பிடிவாதக்காரியை இவ்வளவு பொறுமையாகப் பார்த்திருக்க முடியும்.

சென்ற மாதம் அந்த ஆவக்காய்க் கதையைப் பெரியம்மாவுக்குச் சொன்னேன். கண்ணில் நீர் வரச் சிரித்தாள். "எங்க மாமியாரும் இப்படித்தாண்டா" என்றாள். தன் மாமியாரைப் பற்றி அவள் சிரித்துக்கொண்டு பேசியதை நான் கேட்டது அதுதான் முதல் தடவை. கதையை எழுதியவர் யார் என்று அப்புறந்தான் சொன்னேன்.

"அவளா!" என்றாள் பெரியம்மா. திமிர் என்ற வார்த்தை அன்று அவள் வாயில் வரவில்லை.