எரிந்த பத்திரமும் எரியாத கடனும்

"கடையை நடத்தத் தெரிந்தவனுக்கு நாட்டை நடத்தவா தெரியாது?" என்று கேட்கிறார்கள். கேள்விக்குள்ளேயே விடை இருப்பதாக அவர்களுக்கு நினைப்பு. அந்த நினைப்பை உரசிப் பார்க்க விழைகிறோம். உரைகல் கனடாவிலே கிடைக்கிறது.

பசிபிக் கரையோரத்து மாகாணம் பிரிட்டிஷ் கொலம்பியா. அங்கே ஒகனகன் ஏரிக்கரையிலுள்ள கெலோனா என்னும் ஊரில், 1930-ல் ஓர் இரும்புச் சாமான் கடையை விலைக்கு வாங்கினார் பென்னட். ஆணியும் அரமும் விற்றார். ஊர் வணிகர் சங்கத்துக்குத் தலைவரானார். 1941-ல் கன்சர்வேடிவ் கட்சியின் சார்பில் மாகாணச் சட்டமன்றம் புகுந்தார். கட்சித் தலைமைக்கு இருமுறை போட்டியிட்டார்; இருமுறையும் தோற்றார். 1951-ல் கட்சியை உதறினார். அவ்வாண்டு முடிவதற்குள் சோஷியல் கிரெடிட் கட்சியிலே சேர்ந்தார். சரக்கு விலைபோகவில்லை என்றால் கடையை மாற்றுவது வணிகர் வழக்கந்தானே!

அப்போது ஆண்ட லிபரல், கன்சர்வேடிவ் கூட்டணி, சமதர்மக் கட்சியைத் தடுக்கவென்றே விருப்ப வரிசை வாக்குமுறையைக் கொண்டுவந்திருந்தது. 1952 தேர்தலில் அந்தக் குழியிலே வெட்டியவர்களே வீழ்ந்தனர். முதல் எண்ணிக்கையில் மிகுதியான வாக்குப் பெற்ற சமதர்மக் கட்சிக்கு 18 இடம். சோஷியல் கிரெடிட்டுக்கு 19. மொத்தம் 48. பென்னட் முதலமைச்சரானார். மறு ஆண்டுத் தேர்தலில் தனிப் பெரும்பான்மை கிட்டியதும், ஏறிவந்த ஏணியான அந்த வாக்குமுறை எடுத்தெறியப்பட்டது. 1972 வரை இருபதாண்டு ஆண்டார். நிதித்துறையையும் நெடுங்காலம் தம்மிடமே வைத்துக்கொண்டார். கல்லாப் பெட்டியை எந்த முதலாளி பிறரிடம் விடுவான்?

அவர் ஒன்றுமே செய்யவில்லை என்று கூறோம். சாலைகள் நீண்டன; பாலங்கள் எழுந்தன; அரசே படகுப் போக்குவரத்தை நடத்தியது. 1961-ல் தனியாரிடமிருந்த பெரிய மின்சாரக் கம்பெனியை அரசுடைமை ஆக்கினார். தேர்தல்தோறும் சமதர்மப் பூச்சாண்டி காட்டியவர், சமதர்மக் கட்சியார் நெடுநாள் கேட்டுவந்ததைச் செய்தார்! தனியார் இலாபக் கணக்கு நாட்டின் தேவைக்கு உதவாது என்பதைக் கடைக்காரரே ஒப்புக்கொண்ட இடம் அது.

ஆனால், 1959 ஆகஸ்டு முதல் நாள் நடந்த கூத்தைக் கேளுங்கள். மாகாணம் கடனற்றதாகிவிட்டது என்று அறிவித்தார். கெலோனா ஏரியிலே ஒரு மிதவை. அதன்மேல் செல்லாதாக்கிய கடன் பத்திரங்கள். கரையிலே மக்கள் கூட்டம். முதலமைச்சர் தீயம்பு எய்தார். அம்பு குறியிலே பதியவில்லை, மறைந்திருந்த காவலர் ஒருவரே தீ மூட்டினார் என்று இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். பத்திரம் எரிந்தது. கடன்? இரயில்வே, நெடுஞ்சாலை, பாலம் என அரசு நிறுவனங்களின் பேரிலே அது உயிரோடிருந்தது. பொறுப்பேற்று நின்றதும் அதே அரசுதான். ஒரு பேரேட்டிலிருந்து மறு பேரேட்டுக்கு எழுதிவிட்டு, "கடன் தீர்ந்தது" என்றார்கள். பெயரும் மாற்றினார்கள்: 'நேரக்கூடிய பொறுப்பு'!

கடையின் பேரேடு கடைக்காரருக்குச் சொந்தம். யாருக்கும் காட்ட வேண்டியதில்லை. நாட்டின் பேரேட்டை விரித்துக் காட்டு என்று கேட்கக் கடைசிக் குடிமகனுக்கும் உரிமையுண்டு. அந்த மன்றத்திலே அமைச்சர்களை நேருக்கு நேர் வினவும் கேள்வி நேரம் எப்போது வந்தது தெரியுமா? 1973-ல், அவர் தோற்ற பிறகு!

கணக்கில் வராதவர்களும் இருந்தனர். பீஸ் ஆற்றின் குறுக்கே மாபெரும் அணை எழுந்தது. 1968-ல் தேங்கத் தொடங்கிய நீர் 1,700 சதுர கிலோமீட்டருக்கு மேல் பரவியது. சே கே டெனே எனப்படும் பழங்குடியினரின் வேட்டைக்காடுகளும் குடியிருப்புகளும் மூழ்கின, மக்கள் சிதறினர். அம்மாகாணத்துப் பழங்குடியினர்க்கு வாக்குரிமையே 1949-ல்தான் கிடைத்திருந்தது. இழப்பீட்டு உடன்பாடு வரவோ ஏறத்தாழ நாற்பதாண்டு சென்றது.

அணைக்குப் பென்னட்டின் பெயரையே வைத்தார்கள். மின்சாரம் கம்பியேறித் தெற்கு நகரங்களுக்குப் போயிற்று. ஏரிக்கரையிலே மறுபடி குடியேறிய அம்மக்களின் சிற்றூருக்கு, அணை எழுந்து பல பத்தாண்டுகள் கழிந்தும், டீசல் எந்திரமே விளக்கேற்றியது.