காலப்பயணத் தமிழ்த் திரைப்படங்களும் இல்லாத வகுப்பறையும்

தமிழில் காலப்பயணத்தைக் கருவாகக் கொண்ட படங்களில் ஆர். ரவிக்குமாரின் 'இன்று நேற்று நாளை' (2015), விக்ரம் கே. குமாரின் '24' (2016), ஆதிக் ரவிச்சந்திரனின் 'மார்க் ஆண்டனி' (2023) ஆகியவை குறிப்பிடத்தக்கவை. மூன்றிலும் காலத்தை வளைப்பது மனிதர் செய்த கருவி. தெய்வ வரமோ மந்திரமோ அல்ல. ஆனால் அக்கருவியின் நுட்பத்தை ஒருவர் மற்றவருக்குக் கற்பிப்பது எந்தப் படத்திலும் கதையின் மையமாக இல்லை. ஊருக்கு ஊர் பொறியியல் கல்லூரி உள்ள மாநிலத்தின் திரைக்கற்பனையில், காலப்பொறியியலைச் சொல்லித்தரும் ஒரு கல்லூரி உருவாகவில்லை.

கைக்கு வந்து சேரும் கருவி

'இன்று நேற்று நாளை' படத்தில் 2065ஆம் ஆண்டில் உருவாக்கப்பட்ட இயந்திரம் 2015க்கு அனுப்பப்படுகிறது. அது தொழில்முனைவோராக விரும்பும் இளங்கோவிடமும் போலிச் சோதிடர் ஆறுமுகத்திடமும் சிக்குகிறது. '24' படத்தில் விஞ்ஞானி சேதுராமன் செய்த கைக்கடிகாரம், கடிகாரம் பழுதுபார்க்கும் மணியிடம் வந்து சேர்கிறது. மணி சேதுராமனின் மகன். 'மார்க் ஆண்டனி' படத்தில் கடந்த காலத்தோடு பேச உதவும் தொலைபேசி, வாகன மெக்கானிக்கான மார்க்கிடம் கிடைக்கிறது. அதைக்கொண்டு அவன் தன் தந்தை ஆண்டனியின் காலத்தைத் தொடுகிறான்.

இவற்றில் ஒரு நல்ல அம்சம் உண்டு. இரண்டு படங்களின் நாயகர்கள் பட்டறைத் தொழிலாளர்கள். கைத்திறனுக்கு இப்படங்கள் மதிப்புத் தருகின்றன. ஆனால் அறிவு அவர்களிடம் வரும் வழி இரண்டுதான்: ஒன்று தற்செயல், மற்றொன்று பிறப்பு. கற்றல் என்னும் மூன்றாவது வழி கதைக்கு வெளியே நின்றுவிடுகிறது.

விதியும் கதைச்சுவையும்

காலப்பயணக் கதையின் சுவை அதன் விதிகளில் உள்ளது. எதைச் செய்யலாம், எதைச் செய்தால் என்ன விளையும் என்பது பார்வையாளருக்குத் தெரிந்தால்தான் பதற்றம் பிறக்கும். 'இன்று நேற்று நாளை' இதில் முந்துகிறது. தொலைந்த பொருள்களைக் கண்டுபிடித்துத் தரும் சோதிட வியாபாரத்துக்கு நாயகர்கள் இயந்திரத்தைப் பயன்படுத்துகிறார்கள். அப்போது செய்யும் ஒரு பிழையால், இறந்திருக்க வேண்டிய ரவுடி குழந்தைவேலு உயிர் தப்புகிறான். அந்தப் பிழையின் விலையைக் கொடுத்தே அவர்கள் விதியைக் கற்கிறார்கள். அவர்களோடு பார்வையாளரும் கற்கிறார். ஆசிரியர் இல்லாத குறையை இங்கே அனுபவம் ஓரளவு ஈடுசெய்கிறது.

'24' தொடக்கத்தில் ஒரு தெளிவான வரம்பை வகுக்கிறது: கடிகாரம் 24 மணி நேரத்துக்குள்தான் நகர்த்தும். படத்தின் பெயருக்கும் அதுவே பொருள் தருகிறது. பின்னர் மணி அந்த வரம்பைத் தானே உடைத்துப் பல ஆண்டுகள் பின்னோக்கிச் செல்ல வழிசெய்கிறான். எந்த அறிவைக்கொண்டு அதைச் சாதித்தான் என்பதற்குப் போதிய அடித்தளம் இல்லை. வரம்பு எளிதில் தளர்ந்ததும், அதுவரை கட்டிய பதற்றமும் தளர்கிறது. அவன் தடுமாறிக் கற்கும் சில காட்சிகள் இருந்திருந்தால் அந்த வெற்றி நம்பத்தக்கதாகியிருக்கும்.

மாணவர் இதழில் பிறந்த இயந்திரம்

காலப்பயணக் கதைக்கும் வகுப்பறைக்கும் பழைய உறவு உண்டு. எச். ஜி. வெல்ஸ் லண்டனில் அறிவியல் பயின்றவர். காலத்தில் செல்லும் இயந்திரத்தைப் பற்றிய அவருடைய முதல் கதை 1888இல் அக்கல்லூரியின் மாணவர் இதழில் வெளிவந்தது. அதே கரு 1895இல் 'தி டைம் மெஷின்' என்ற நாவலாக வளர்ந்தது. நாவலும் ஒருவகை வகுப்போடுதான் தொடங்குகிறது. கண்டுபிடிப்பாளர் விருந்தினர்களை உட்காரவைத்துக் காலம் நான்காவது பரிமாணம் என்று விளக்குகிறார். அவர்கள் மறுத்து வாதிடுகிறார்கள். அந்த வாதமே வாசகரைக் கதைக்குள் கொண்டுவருகிறது.

மலையும் கடிகாரமும்

காலம் வளைவது முழுக் கற்பனையும் அல்ல. ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் கோட்பாட்டின்படி ஈர்ப்பு குறையும் இடத்தில் கடிகாரம் வேகமாக ஓடும். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் அணுக்கடிகாரங்கள் தரையில் உள்ளவற்றைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோ நொடி முந்துகின்றன. அதைத் திருத்தாவிட்டால் கைப்பேசி காட்டும் இடம் நாளடைவில் கிலோமீட்டர் கணக்கில் பிழையாகும்.

2019இல் விழுப்புரத்திலிருந்து பிரிந்து உருவான கள்ளக்குறிச்சி மாவட்டத்திலும் இதே விதி செயல்படுகிறது. கிழக்குத் தொடர்ச்சி மலையின் பகுதியான கல்வராயன் மலைமீது வைத்த கடிகாரம், அடிவாரச் சமவெளியில் வைத்ததைவிட நாளொன்றுக்குச் சில நானோ நொடிகள் முந்தும். மலையாளிப் பழங்குடியினர் வாழும் அம்மலையிலிருந்து படிக்க இறங்கிவரும் மாணவர் ஒவ்வொரு பயணத்திலும் காலத்தின் இந்த மெல்லிய மடிப்பைக் கடக்கிறார். அதை அறிய விஞ்ஞானியின் மகனாகப் பிறக்க வேண்டியதில்லை. ஓர் ஆசிரியரும் ஒரு கரும்பலகையும் போதும்.

மதிப்பீடு

இப்படங்கள் தமிழில் அறிவியல் புனைவுக்குப் பெரும் பார்வையாளர் கூட்டத்தைச் சேர்த்தன. அது சிறிய பங்களிப்பு அல்ல. ஆனால் அறிவைப் புதையலாகவோ பரம்பரைச் சொத்தாகவோ மட்டும் காட்டும் கதை, குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரிக்குச் செல்பவருக்கு இடம் தருவதில்லை. சொல்லித்தருபவரும் கேள்வி கேட்பவரும் எதிரெதிரே அமரும் ஒரு காட்சி வந்தால், கதையின் விதிகளும் உறுதிப்படும். அந்த மாணவரும் கதைக்குள் வருவார்.