கட்டாயக் காத்திருப்பு யார் கணக்கில்?

இடமாறுதல் வழக்கு என்றாலே சட்டம் படித்தவர்கள் ராயப்பா தீர்ப்பைத்தான் எடுப்பார்கள். தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா 1972-ல் மாநிலத் திட்டக்குழுத் துணைத் தலைவராக மாற்றப்பட்டார். அங்கே சேராமல் விடுப்பில் போனார். பிறகு தனி அலுவலர் பதவி கொடுத்தார்கள். சம்பளம் அதேதான், அந்தஸ்து குறைந்துவிட்டது என்று உச்ச நீதிமன்றம் போனார். 1973 நவம்பரில் வந்த தீர்ப்பு, அரசு தன்னிச்சையாக நடப்பதே சமத்துவத்துக்கு எதிரானது என்ற கருத்துக்காக இன்றும் பேசப்படுகிறது. ஆனா ஒண்ணு, மனு தள்ளுபடி. ராயப்பா தோத்துட்டார்.

இந்தத் தீர்ப்பின் புகழில் எனக்கு ஒரு குறை உண்டு. நீதிமன்றம் பார்த்தது ஆணையை மட்டும்தான்: மாற்றியதில் கெட்ட எண்ணம் உண்டா, புதுப் பதவி சமமானதா. 1993-ல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கிலும், யாரை எங்கே மாற்றுவது என்பது அதிகாரியின் முடிவு என்று சொல்லிவிட்டார்கள். சரி, இருக்கட்டும். ஆனால் ஒரு இளநிலை உதவியாளருக்குச் சிக்கல் ஆரம்பிப்பதே ஆணை கைக்கு வந்த பிறகுதான்.

சிவகாசியில் ரிலீவ் ஆகி திருச்சுழியில் ஜாயின் பண்ணணும்னு வைத்துக்கொள்ளுங்கள். நிர்வாக மாறுதல் என்றால் பணியேற்பு இடைக்காலம் உண்டு. சொந்த விருப்பம் என்றால் அதுவும் இல்லை, பயணப்படியும் இல்லை. பழைய ஆபீஸிலிருந்து எல்.பி.சி., அதாவது கடைசியாக வாங்கிய சம்பளத்துக்கான சான்று, வரணும். எஸ்.ஆர். புத்தகம் வரணும். விடுப்பு முடிந்து வந்தவருக்கு எந்த இடம் என்றே ஆணை வராவிட்டால், அந்த நாட்களுக்குக் 'கட்டாயக் காத்திருப்பு' என்று பெயர்.

அந்தப் பெயரையே கொஞ்சம் பாருங்க. கட்டாயப்படுத்தியது அரசு. அதை முறைப்படுத்தச் சொல்லி விண்ணப்பம் எழுதுவது ஊழியர். அடிப்படை விதிகளில் அந்த நாட்களைப் பணிக்காலமாகக் கருத இடம் இருக்கிறது, ஆனால் அதற்குத் தனி ஆணை வேண்டும். ஆணை வரும்வரை அந்த நாட்களுக்குச் சம்பளப் பட்டியல் போட மாட்டார்கள். ஈட்டிய விடுப்புக் கணக்கும் அதோடு சேர்ந்து தொங்கும்.

விருதுநகர் பக்கம் இதைப் பேசினால் உடனே ஒரு பதில் வரும்: "பட்டாசு ஆலையில வேலை இல்லாத நாளுக்கு யாரு கூலி குடுக்குறா? உங்களுக்கு என்ன குறை?" கேள்வி நியாயமானதுதான். 2018 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் பேரியம் உப்புக்குத் தடை போட்ட பிறகு, நவம்பரிலிருந்து மாதக்கணக்கில் ஆலைகள் பூட்டிக் கிடந்தன. அந்த நேரத்தில்தான், 2019 ஜனவரி 22-ல், ஜாக்டோ-ஜியோ வேலைநிறுத்தம் தொடங்கியது. ஒரே மாவட்டத்தில் ஆலைக்காரருக்கும் கூலி இல்லை, வேலைநிறுத்தம் செய்த ஆசிரியருக்கும் சம்பளம் இல்லை.

பிறகு நடந்ததுதான் முக்கியம். 2016, 2017, 2019 வேலைநிறுத்த நாட்கள் பணிக்காலமாக முறைப்படுத்தப்படும் என்று 2021 செப்டம்பரில் முதல்வர் மு.க. ஸ்டாலின் சட்டமன்றத்தில் அறிவித்தார். ஆலைத் தொழிலாளிக்கு அப்படி ஆணை போட ஒரு ஆபீஸே கிடையாது. அந்த அநியாயத்துக்குத் தீர்வு ஆலைத் தொழிலாளிக்கும் பாதுகாப்பு கொடுப்பது. ஆபீஸ்காரரின் பாதுகாப்பைப் பிடுங்கினால் பட்டாசுத் தொழிலாளிக்கு ஒரு ரூபாயும் கூடப்போவதில்லை.

என் கேள்வி இவ்வளவுதான். ஊழியர்கள் தாங்களாக வேலைக்குப் போகாத நாட்களையே ஒரே அறிவிப்பில் எல்லோருக்கும் பணிக்காலமாக்க அரசால் முடிந்தது. அந்த முடிவை நான் குறை சொல்லவில்லை. ஆனால் வேலைக்கு வந்து நின்றவரை அரசே காக்க வைத்த நாட்களுக்கு மட்டும் ஏன் ஆளுக்கொரு கோப்பு? காத்திருப்பு தானாகவே பணிக்காலம், ஆட்சேபனை இருந்தால் துறைதான் எழுத்தில் காரணம் காட்டணும் என்று விதியைத் திருப்பிப் போட்டால் போதும். சம்பளம் போட்டே ஆகணும் என்று வந்துவிட்டால், பணியிட ஆணையும் தானா சீக்கிரம் வரும்.