கணக்குச் சீட்டும் கண்ணீரும்

டோல்ஸ்டோயின் அச்சேறிய முதற் படைப்பாகிய ‘குழந்தைப் பருவம்’ 1852ஆம் ஆண்டு ‘சொவ்ரெமென்னிக்’ என்ற ருஷ்ய சஞ்சிகையில் வெளிவந்தது. பண்ணையடிமை முறை ஒழிய இன்னும் 9 ஆண்டுகள் இருந்தன. பிரபு வீட்டுச் சிறுவன் நிக்கோலென்காவுக்கும் அவனுடைய ஜேர்மன் ஆசிரியர் கார்ல் இவானிச்சுக்குமிடையே நிலவும் பாசத்தை, காலங்கடந்த மனித உணர்வு என்று மட்டும் பாராட்டி அமைவது எளிது. அவ்வாறு அமைவோமாயின் நூலைப் பாதியே படித்தவராவோம்.

ஆட்கள் நிறைந்த மாளிகையில் தன் மனத்துக்குள்ளேயே வாழும் சிறுவன் நிக்கோலென்கா. ஒரு காலைப் பொழுதில் ஆசிரியர் அடித்த ஈ, உறங்கும் அவன் தலைமீது விழுகின்றது. அண்ணனை விடுத்துத் தன்னையே அவர் வதைப்பதாக அவன் சினக்கிறான். அவர் சிரித்தபடி கிச்சுக்கிச்சு மூட்டியதும், அத்தகைய நல்லவரை வெறுத்தோமே என நாணி அழுகிறான். இப்பாசம் மெய்யானது என்பதில் நமக்கு ஐயமில்லை.

ஆனால் தந்தையோ பிள்ளைகளை மொஸ்கோவுக்கு அழைத்துச் செல்லவும், 12 ஆண்டுகள் அவ்வீட்டில் வாழ்ந்த ஆசிரியரை விலக்கவும் முடிவு செய்கிறார். ஆசிரியர் ஒரு கணக்குச் சீட்டை நீட்டுகிறார். பிள்ளைகளுக்குத் தாம் வழங்கிய பரிசுகளின் விலையும் அதில் உண்டு! எனினும், பேசத் தொடங்கியதும் குரல் தழுதழுக்கின்றது. பிள்ளைகளைப் பிரிவதினும் சம்பளமின்றியே பணிபுரிவேன் என்கிறார். தந்தை மனமிரங்குகிறார்.

அக்கண்ணீர் உண்மையானது என உறுதி கூறும் கதைசொல்லிக்கு, கணக்குச் சீட்டும் அச்சொற்களும் எவ்வாறு பொருந்தின என்பது மட்டும் புதிராகவே இருக்கின்றது. அதிற் புதிர் யாது? வீடும் நிலமுமற்ற அந்நிய நாட்டு மனிதருக்கு அன்பு செலுத்தும் இடமும் அப்பிள்ளைகளே. பிழைக்கும் வழியும் அப்பிள்ளைகளே. இரண்டையும் ஒரே நாளில் இழக்கப் போகிறவர் வேறெவ்வாறு பேசுவார்? இது புதிராகத் தோன்றுவது, கூலியைப் பற்றி என்றுமே கவலைப்பட வேண்டியிராத வர்க்கத்தின் கண்களுக்கே. தந்தையைக் கொடியவராக வரையாததில் டோல்ஸ்டோயின் யதார்த்தப் பார்வை மிளிர்கின்றது. நல்லவரான எசமானரின் இரக்கமும் உரிமையாகிவிடாது. 1854இல் வந்த ‘சிறுவப் பருவம்’ இதனை மெய்ப்பிக்கின்றது. பாட்டியின் விருப்பப்படி கார்ல் இவானிச் விலக்கப்பட, பிரெஞ்சு ஆசிரியர் ஒருவர் அவ்விடத்தைப் பெறுகிறார். சிறுவனின் அன்பு அவரைக் காக்கவில்லை.

கற்பித்தல் தொண்டு; ஆதலால் ஊதியம் பற்றிப் பேசுவது இழுக்கு என்ற உபதேசத்தை ஆசிரியர்களாகிய நாம் அடிக்கடி கேட்கிறோம். மாணவனை நேசிக்கும் நெஞ்சும் கணக்குச் சீட்டை நீட்டும் கையும் ஒரே மனிதருக்கு உரியவை. கார்ல் இவானிச்சைப் படித்து நகைப்போரும், அழுதுவிட்டு நூலை மூடுவோரும் இவ்வுண்மையை மனங்கொள்ள வேண்டும்.