சான் ஆண்ட்ரியாஸ்: எல்லை மாறிய படம்

2015-இல் வந்த ‘சான் ஆண்ட்ரியாஸ்’ படத்தைக் குறை சொன்னால் உடனே ஒரு பதில் வரும்: “பேரழிவுப் படம்யா, லாஜிக் எல்லாம் பாக்கக்கூடாது.” சரி, பார்க்கவேண்டாம். டுவைன் ஜான்சன் ஹெலிகாப்டர், படகு என்று எதை வேண்டுமானாலும் ஓட்டட்டும். பேராசிரியர் நிலநடுக்கத்தை முன்கூட்டியே கணிப்பது இதுவரை யாராலும் முடியாத காரியம். கதைக்காக அதையும் விட்டுவிடலாம். என் புகார் வேறு. படத்தின் பெயரே ஒரு நிலப்பிளவின் பெயர். அந்தப் பிளவு எப்படிப்பட்டது என்பதிலேயே படம் கோட்டை விட்டிருக்கிறது.

புவித்தட்டுகள் சந்திக்கும் எல்லைகள் மூன்று வகை. இரண்டு தட்டுகள் விலகலாம், மோதலாம், அல்லது பக்கவாட்டில் உரசிக்கொண்டு போகலாம். சான் ஆண்ட்ரியாஸ் மூன்றாவது வகை. சுமார் 1,200 கி.மீ. நீளத்துக்கு, மேற்கே உள்ள பசிபிக் தட்டு வட அமெரிக்கத் தட்டை உரசியபடி வடமேற்காக நகர்கிறது.

படத்தில் என்ன நடக்கிறது? ஒரு காட்சியில் நெடுஞ்சாலை அறுந்து, எதிரே பிரம்மாண்டமான பள்ளம். பூமி வாயைப் பிளந்துவிட்டதாம். உரசும் எல்லையில் இது நடக்காது. இரண்டு பாறைச் சுவர்கள் ஒன்றை ஒன்று அழுத்திப் பிடித்திருப்பதால்தான் அழுத்தம் சேர்கிறது. பிடி நழுவும்போதுதான் நிலநடுக்கம். நடுவில் இடைவெளி இருந்தால் உரசல் ஏது, நடுக்கம் ஏது? பூமி பிளந்து நிற்பதைப் பார்க்கவேண்டும் என்றால் ஐஸ்லாந்தின் திங்வெட்லிர் பள்ளத்தாக்குக்குப் போகவேண்டும். அது விலகும் எல்லை. அங்கேயும் ஆண்டுக்கு இரண்டு செ.மீ. போலத்தான் விலகல்.

அடுத்தது 9.6 ரிக்டர். கருவிகள் பதிவுசெய்ததிலேயே பெரியது 1960-இன் சிலி நிலநடுக்கம், 9.5. அது மோதும் எல்லை. ஒரு தட்டு இன்னொன்றின் அடியில் சாய்வாக இறங்குவதால் உரசும் பரப்பு மிக அகலம். சான் ஆண்ட்ரியாஸ் செங்குத்தானது, பூட்டிக்கிடக்கும் ஆழம் சுமார் 15 கி.மீ. தான். எட்டுக்குக் கொஞ்சம் மேலே போனாலே அதிகம்.

அதைத் தொடர்ந்து சான் பிரான்சிஸ்கோவை மூழ்கடிக்கும் சுனாமி. நிலம் பக்கவாட்டில் நகர்ந்தால் கடலை யார் தூக்குவது? 1906-இல் அந்த நகரத்தை அழித்த 7.9 நிலநடுக்கத்தின்போது அங்கிருந்த அலைமானியில் பதிவான அசைவு சுமார் 10 செ.மீ. இயக்குநர் பிராட் பேட்டனுக்குச் சுனாமிதான் வேண்டுமென்றால் கொஞ்சம் வடக்கே போயிருக்கலாம். அங்கே கஸ்கேடியா இருக்கிறது, மோதும் எல்லை. 1700 ஜனவரியில் அது உடைந்தபோது கிளம்பிய அலை ஜப்பான்வரை போனது. தாழ்ந்துபோன கரையில், உப்புநீர் ஏறிச் செத்த செடார் மரங்கள் வாஷிங்டன் மாநிலத்தில் இன்னும் மொட்டையாக நிற்கின்றன.

எனக்கு இதைவிட வருத்தம், படம் காட்டாமல் விட்டவை. கரிசோ சமவெளியில் வாலஸ் ஓடை என்று ஒன்று. மலையிலிருந்து நேராக இறங்கி வரும் ஓடை, பிளவைத் தொட்டதும் சட்டென்று வலப்பக்கம் திரும்பி, 130 மீட்டர் பிளவோடேயே ஓடி, பிறகு மறுபடி திரும்பித் தன் வழியில் போகிறது. ஒரு காலத்தில் நேராக இருந்த ஓடைதான். சுமார் 3,700 ஆண்டுகளில், ஒவ்வொரு பெரிய நடுக்கத்திலும் சில மீட்டராக, எதிர்க்கரை விலகிப் போய்விட்டது. இன்னும் வடக்கே பின்னக்கிள்ஸ் தேசியப் பூங்காவில் 2 கோடியே 30 லட்சம் ஆண்டுப் பழைய எரிமலைப் பாறைகள். அதே எரிமலையின் மிச்சம் தெற்கே ஏறக்குறைய 310 கி.மீ. தள்ளிக் கிடக்கிறது. லாஸ் ஏஞ்சலிஸுக்கு மேலே பிளவு வளைகிற இடத்தில் தட்டுகள் லேசாக மோதியும்கொள்வதால் சான் கேப்ரியல் மலை உயர்கிறது. இதில் ஒன்றாவது திரையில் வந்திருந்தால் படத்தின் பெயருக்கு ஒரு நியாயம் இருந்திருக்கும்.

ஒன்றைப் பாராட்டவேண்டும். நடுக்கம் தொடங்கியதும் மேஜைக்கு அடியில் புகுந்து பிடித்துக்கொள்ளச் சொல்வது சரியான அறிவுரை. பூமி விழுங்கிவிடும் என்று வெளியே ஓடுவதுதான் ஆபத்து. ஆளைக் கொல்வது மேலிருந்து விழும் செங்கல்லும் கண்ணாடியும்.

“இதெல்லாம் தெரிஞ்சு நமக்கென்ன?” என்றால், 2004-ஐ நினைத்துப் பாருங்கள். டிசம்பர் 26 காலை ஆறரை மணிவாக்கில் சுமத்ராவுக்கு அப்பால் மோதும் எல்லை உடைந்து கடலடி எழும்பியது. அலை தமிழகக் கரைக்கு வரச் சுமார் இரண்டரை மணி நேரம் ஆனது. அத்தனை நேரம் இருந்தும் கரையில் இருந்தவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. எந்த எல்லை கடலைத் தூக்கும், எது தூக்காது என்பது நமக்கு வெறும் பாடப்புத்தக வகைப்பாடு அல்ல. எல்லாப் பிளவும் எல்லாமும் செய்யும் என்று காட்டுகிற படம் இந்த வித்தியாசத்தை அழித்துவிடுகிறது. லாஜிக் பார்க்காமல் இருக்கலாம். இதைப் பார்க்காமல் இருக்க முடியாது.